மாமா பாதியில் வைத்த மண்டாசி

பிள்ளைகளின் டிபன் டப்பாவில் என்ன வைப்பது என்று இந்தக் குழுவில் நாம் ஒவ்வொரு ஞாயிற்றுக்கிழமை மாலையும் ஒருவரையொருவர் கேட்டுக்கொள்கிறோம். போன வாரம் என் மகளின் டப்பாவில் இருந்த முக்கோணப் பலகாரத்தைப் பங்கு போட்டுத் தின்ற ஒரு பிள்ளை, வீட்டுக்குப் போய் அதேதான் வேண்டும் என்று அடம்பிடித்ததாம். அந்தப் பிள்ளையின் அம்மா செய்முறை கேட்டார். பின்னாலேயே நீங்கள் ஆறேழு பேர் கேட்டீர்கள். உடனே அனுப்பியிருக்கலாம். ஐந்தாறு வரிதான். மூன்று முறை எழுதி மூன்று முறையும் அழித்தேன்.

அதன் பெயர் மண்டாசி. ஆப்பிரிக்காவில், தான்சானியா பக்கம், காலையில் டீயோடு சாப்பிடுகிற பலகாரம். தங்கவயலில் வளர்ந்த எனக்கு அது எப்படித் தெரியும் என்று சிலர் கேட்டிருந்தீர்கள். அதற்குப் பதில் சொல்லாமல் செய்முறையை மட்டும் கொடுத்தால் பாதியை மறைத்த மாதிரி இருக்கும். சொன்னாலும் வீட்டு விஷயத்தை வெளியே கொட்டினதாக இருக்குமோ என்று பயம். அம்மாவிடம் கேட்டேன். "எழுது. பேரு மட்டும் போடாத" என்றாள். குடியாத்தத்தில் இருக்கும் மாமாவிடம் போனில் கேட்டேன். சிரித்தார். "என்னை ரொம்ப ஒல்லியா எழுதிடாத" என்றார். அதனால் எழுதுகிறேன்.

நம்மில் பெரும்பாலோர் ஒரே வயதுக்காரர்கள். நம் தங்கச் சுரங்கம் மூடியபோது ஒன்றாவதோ இரண்டாவதோ படித்துக்கொண்டிருந்தோம். ஷிப்டு சங்கு நின்றுபோன பிறகு, காலையில் நம்மை எழுப்ப அம்மாக்கள் கத்த வேண்டியிருந்தது உங்களுக்கும் நினைவிருக்கும். அப்பாக்களில் பாதிப் பேர் பெங்களூர் ரயிலைப் பிடித்தார்கள். பாதிப் பேர் வீட்டில் உட்கார்ந்தார்கள். என் மாமா, அம்மாவின் ஒரே தம்பி, மூன்றாவது வழியில் போனார். நந்திதுர்க் ஷாப்டில் பத்து வருஷம் கீழே இறங்கியவர் என்பதால் ஒரு ஏஜெண்ட் அவரைத் தான்சானியாவில் ஒரு தங்கச் சுரங்கத்துக்கு அனுப்பிவைத்தான். இரண்டு வருஷ ஒப்பந்தம் முடிந்து ஓர் ஆடி மாதம் அவர் திரும்பி வந்தபோது நான் நாலாவது வகுப்பு. என் தங்கச்சிக்கு மூன்று வயது. மாமாவுக்கு, இப்போது எனக்கு இருக்கிற வயதுதான்.

சாம்பியன் ரீப்ஸ் சுரங்கக் குடியிருப்பில் எங்கள் லைன் வீட்டு வாசலில் ஒரு பெரிய பையோடு வந்து நின்றார். அம்மா பையைப் பார்க்கவில்லை.

"இன்னாடா இது, கொடிக்கம்பம் மாதிரி வந்து நிக்கிற? சோறு போடலையா அந்த ஊர்ல?"

"போட்டாங்கக்கா. வெயிலு ஜாஸ்தி."

"வெயில்ல சட்டைதான்டா வெளுக்கும். ஆளு வெளுக்குமா?"

மாமா சிரிக்க ஆரம்பித்து இருமலில் முடித்தார். அந்த இருமலை நான் முதலில் கேட்டது அப்போதுதான். ஆனால் யாரும் திடுக்கிடவில்லை. எங்கள் லைனில் இருமலைச் சர்வீஸ் மாதிரிச் சொல்வார்கள். கடைசி வீட்டுத் தாத்தாவுக்கு முப்பது வருஷ இருமல். தண்ணீர்க் குழாய் பக்கத்து வீட்டுக்காரருக்கு இருபது வருஷ இருமல். பாறையைத் துளைக்கிற தூசி நெஞ்சில் இறங்கி உட்கார்ந்துவிட்டால் வருகிறது அது. அதற்குத் தூசி இருமல் என்று பெயர். அதில் வெட்கம் கிடையாது. கீழே இறங்கி உழைத்தவன் என்பதற்கு அடையாளம். இன்னொரு இருமலும் உண்டு. அதன் பெயரை லைனில் யாரும் சத்தமாகச் சொல்ல மாட்டார்கள். சொன்னால் அந்த வீட்டுப் பெண்ணை யாரும் கட்ட மாட்டார்கள். அந்த வீட்டில் தண்ணீர் குடிக்க மாட்டார்கள். இரண்டு இருமலும் காதுக்கு ஒன்றுபோலத்தான் இருக்கும் என்பதை யாரும் யோசித்ததாகத் தெரியவில்லை.

மாமா தங்கிவிட வரவில்லை. கார்த்திகை மாதம் திரும்பிப் போக வேண்டும். இன்னும் மூன்று வருஷத்துக்கு ஒப்பந்தம் தயாராக இருந்தது. அதற்கு முன்னால் பெங்களூரில் மெடிக்கல். எடை ஐம்பத்தைந்துக்குக் கீழே இருந்தால் அனுப்ப மாட்டார்கள் என்று ஏஜெண்ட் சொல்லியிருந்தான். ரேஷன் கடையில் அரிசி மூட்டை நிறுக்கிற எடைமேடையில் மாமா ஏறி நின்றார். ஐம்பத்தொன்று.

"நாலு கிலோ தானேடா. நாலு மாசம் இருக்குது. நான் ஏத்திக் காட்றேன்" என்றாள் அம்மா. எல்லோர் முன்னாலும் சொன்னாள். அன்றிலிருந்து அது அவளுடைய வேலையாகிவிட்டது.

மாமா சாப்பிடவில்லை. இதுதான் அந்தப் பருவம் முழுக்க எங்கள் வீட்டில் இருந்த கவலை. கறிக்குழம்பு வைத்தால் குழம்பைத் தொட்டுக்கொண்டு சோற்றை ஒதுக்குவார். முட்டையை என் தட்டில் தள்ளுவார். களியை உருட்டி உருட்டிக் கையிலேயே வைத்திருப்பார். ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை அம்மா தோசைக் கரண்டியைக் கீழே வைத்துவிட்டுக் கேட்டாள்.

"இன்னாதான்டா வேணும் உனக்கு? வாயத் தொறந்து சொல்லு. ஆன முட்டன்னாலும் வாங்கியாறேன்."

மாமா எதையாவது சொல்லி அந்தக் கேள்வியிலிருந்து தப்பிக்கத்தான் பார்த்திருப்பார் என்று இன்று தோன்றுகிறது. "மண்டாசி" என்றார்.

"அது இன்னா எழவு?"

அவர் விவரித்தார். அவர் முகம் அந்த வருகையில் அப்படி மலர்ந்து நான் பார்த்தது அந்த ஒரு தடவைதான். சுரங்கத்து கேட் பக்கத்தில் ஒரு பெண்மணி விடியற்காலையில் அடுப்பு வைத்துக்கொண்டு உட்கார்ந்திருப்பாளாம். மூங்கில் கூடையில் முக்கோணம் முக்கோணமாக. ஓரம் அழுத்தமாக, நடுவில் புஸ்ஸென்று காற்று. தேங்காய்ப் பால் வாசனை, ஏலக்காய் வாசனை. இனிப்பு இருக்கும், ஆனால் நம் ஊர் ஸ்வீட் மாதிரித் தித்திக்காது. டீயில் தோய்த்தால் டீயைக் குடித்துவிடும்.

"அவங்கள எல்லாரும் மாமான்னுதான் கூப்புடுவாங்க. அந்த ஊர்ல அம்மாவுக்கு அப்படிச் சொல்றது."

"அப்போ நீ அங்க போனா அம்மாவா?" என்று நான் கேட்டேன். அப்பாவே சிரித்துவிட்டார். அதன் பிறகு ஒரு வாரம் அப்பா மாமாவை "இன்னாம்மா மச்சான்" என்றே கூப்பிட்டுக்கொண்டிருந்தார்.

முதல் ஞாயிறு அம்மா மைதாவில் சர்க்கரையும் சமையல் சோடாவும் போட்டாள். வந்தது பெரிய சைஸ் மைதா பிஸ்கட். மாமா ஒன்றைக் கடித்தார். "நல்லா இருக்குது. ஆனா அது இல்லக்கா."

எதிர்வீட்டில் ஒரு டீச்சர் அக்கா இருந்தார். கிறிஸ்துமஸுக்கு லைனுக்கே கேக்கும் குல்குல்லும் செய்து கொடுப்பவர். அவர்தான் சொன்னார்: "பொங்குதுன்னா ஈஸ்ட்டும்மா. சோடா வராது." அம்மா ஆண்டர்சன்பேட்டை பேக்கரிக்கு என்னைக் கூட்டிக்கொண்டு போய்க் கெஞ்சி ஒரு பொட்டலம் வாங்கி வந்தாள்.

இரண்டாவது ஞாயிறு செய்ததை விவரமாகச் சொல்கிறேன். வேண்டுமென்றால் இங்கே குறித்துக்கொள்ளுங்கள். மூன்று கப் மைதா. அரை கப்புக்குக் கொஞ்சம் குறைவாகச் சர்க்கரை. ஏழெட்டு ஏலக்காய் தட்டிப் போட்டு, ஒரு சிட்டிகை உப்பு. ஈஸ்ட் ஒரு டீஸ்பூன், வெதுவெதுப்பான தண்ணீரில் கரைத்து நுரைத்த பிறகு. ஒரு தேங்காயின் கெட்டியான முதல் பால், கையில் ஊற்றினால் சுடாத அளவுக்குச் சூடு. சப்பாத்தி மாவை விட இளக்கமாகப் பிசைந்து மூடிவைக்க வேண்டும். அம்மா அதற்கு மாமா கொண்டுவந்து கொடுத்த துணியை எடுத்தாள். மஞ்சளும் கருநீலமுமாக, ஓரத்தில் அந்த ஊர் எழுத்தில் ஒரு வரி போட்ட துணி. அந்த வரிக்கு என்ன அர்த்தம் என்று மாமாவுக்கும் தெரியாது. கட்டிக்கொள்ளக் கொடுத்ததை அம்மா ஒரு நாளும் கட்டவில்லை, மாவுக்குப் போர்த்தினாள். ஒன்றரை மணி நேரத்தில் துணி பாத்திரத்துக்கு மேலே எழும்பி நின்றது. சுண்டுவிரல் பருமனுக்குத் தேய்த்து, வட்டத்தை நாலாக வெட்டி, மிதமான எண்ணெயில் போட்டுக் கரண்டியால் எண்ணெயை மேலே வாரி வாரி ஊற்றினாள். பூரியைப் போல அவசரமாக இல்லாமல், யாரோ உள்ளிருந்து மெதுவாக ஊதுவதுபோல ஒவ்வொன்றும் உப்பியது. பம்ப் ஸ்டவ் சத்தத்தையும் மீறி அம்மா கத்தினாள்: "வந்துட்டுதுடா! வந்து பாருடா!"

மாமா வந்தார். ஒன்றை எடுத்துப் பிய்த்தார். உள்ளே இருந்து ஆவி வந்தது. மூக்கருகே வைத்துக் கண்ணை மூடிக்கொண்டு வெகுநேரம் இருந்தார். ஒரு கடி கடித்தார். இன்னொரு கடி. பிறகு மீதியைத் தட்டில் வைத்தார்.

"நல்லாத்தான் இருக்குதுக்கா. ஆனா அது இல்ல."

அம்மாவின் முகம் விழுந்தது. "இன்னா குறையுதுன்னு சொல்லுடா, செய்றேன்."

"தெரியலக்கா. என்னமோ குறையுது."

என்னமோ குறைகிறது என்பதை வைத்துக்கொண்டு அம்மா அடுத்த ஐந்து வாரம் போராடினாள். மூன்றாவது வாரம் சர்க்கரையை எடுத்துவிட்டு வெல்லம் போட்டாள். அது ருசிக்காக இல்லை. கீழே இறங்குகிறவர்கள் ஷிப்டு முடிந்து வந்ததும் ஒரு துண்டு வெல்லம் தின்பார்கள். தொண்டையிலும் நெஞ்சிலும் இருக்கிற தூசியை வெல்லம் இழுத்துக்கொண்டு இறங்கிவிடும் என்பது தங்கவயலில் எல்லோருக்கும் தெரிந்த வைத்தியம். ஒரே பலகாரத்தில் எடையும் ஏறட்டும், தூசியும் இறங்கட்டும் என்று கணக்குப் போட்டாள். மண்டாசி கறுத்து, பிசுபிசுத்து வந்தது. நாலாவது வாரம் அதோடு வாழைப்பழம், அதுவும் தூசிக்குத்தான். ஐந்தாவது வாரம் கோதுமை மாவும் நெய்யும். ஒவ்வொரு வாரமும் மாமா பாதி சாப்பிட்டு, அதே வார்த்தையைச் சொல்லிவிட்டு, மீதியைத் தட்டின் ஓரத்தில் வைப்பார். தங்கச்சி அவர் மடியில் உட்கார்ந்துகொண்டு அந்தப் பாதியைத் தின்பாள். அவர் டம்ளரில் இருந்த டீயையும் குடிப்பாள். எவ்வளவு ஒட்டுதல் பார் என்று எல்லோரும் மகிழ்ந்தார்கள்.

ஐந்தாவது வாரத்தில்தான் அந்த நர்ஸம்மா வந்தார். வீடு வீடாகப் போய்க் கேட்டுக்கொண்டு வந்த சுகாதார நர்ஸ். கன்னடக்காரர், தமிழும் பேசுவார். கையில் நோட்டுப் புத்தகம், தோளில் பை. மாமா அப்போது வெளியே போயிருந்தார்.

"அம்மா, வீட்ல யாருக்காவது ரெண்டு வாரத்துக்கு மேல இருமல் இருக்கா?"

"இல்லீங்க" என்றாள் அம்மா, அவர் கேட்டு முடிப்பதற்குள்.

"பக்கத்துல சொன்னாங்க, உங்க தம்பி..."

"அது தூசி இருமல்ங்க. மைன்ஸ்ல இருந்தவன். அந்த மாதிரி வியாதி எல்லாம் எங்க வூட்ல இல்ல."

"இருக்குன்னு நான் சொல்லலம்மா. ஸ்வல்ப, ஒரு சின்ன டெஸ்ட் பண்ணிட்டா நிம்மதி தானே. சின்னக் குழந்தை வேற இருக்கு."

"மெடிக்கலுக்குப் போகப் போறவன்ங்க அவன். இங்க ஒரு பேரு எழுதிட்டீங்கன்னா அங்க அனுப்புவாங்களா?"

நர்ஸம்மா என் பக்கம் திரும்பினார். வகுப்பில் கேள்வி கேட்டால் முதலில் கை தூக்குகிற பிள்ளை நான். "பாப்பா, மாமா சளியில எப்பவாவது ரத்தம் பாத்தியா?" என்றார்.

பார்த்திருந்தேன். ஒரு முறை, பின்கட்டில், துண்டின் மூலையில், கடுகளவு. வெற்றிலை போட்டேன் என்றார் மாமா. அவர் வெற்றிலை போட மாட்டார் என்பது எனக்குத் தெரியும். அம்மா என்னைப் பார்த்தாள். நான் தெளிவாக, பாடம் ஒப்பிப்பதுபோல, சொன்னேன்: "இல்ல மிஸ். அது தூசி இருமல்தான்."

நர்ஸம்மா எதுவும் எழுதவில்லை. பையிலிருந்து மூடி போட்ட ஒரு சின்ன பிளாஸ்டிக் டப்பியை எடுத்து வாசற்படியில் வைத்தார். "காலையில எழுந்ததும் வர்ற சளி. எப்ப வேணும்னாலும் கொண்டு வரலாம். யார்கிட்டயும் சொல்ல மாட்டேன்" என்று சொல்லிவிட்டு அடுத்த வீட்டுக்குப் போய்விட்டார். அம்மா அந்த டப்பியைத் தூக்கி எறியத்தான் எடுத்தாள். மூடி நன்றாக இறுக்கமாக இருந்தது. எறிய மனசு வராமல் கழுவி, வெயிலில் வைத்து, ஏலக்காய் போட்டு அலமாரியில் வைத்தாள்.

ஆறாவது வாரம் எடைமேடையில் முள் ஐம்பதுக்கும் கீழே நின்றது. ரேஷன் கடைக்காரர், "மேடைதான் கோளாறு போல" என்றார். அவர் நல்ல மனிதர். அம்மா வீட்டுக்கு வந்து மாமாவைத் திட்டினாள்.

"நாக்குக்கு ரெண்டு வருஷத்துல அவ்ளோ திமிரா? அக்கா கை ருசி ஆகல உனக்கு!"

அப்பா பேப்பரிலிருந்து தலையைத் தூக்கினார். "அந்த மண்டாசிக்காரம்மா என்னமோ மருந்து வச்சு அனுப்பிட்டாங்கடி. விடு."

"விளையாடாதீங்க. என் வயிறு எரியுது."

மாமா தட்டில் இருந்த பாதியை எடுத்து வாயில் திணித்தார். மென்றுகொண்டே இருந்தார். விழுங்கவில்லை. எழுந்து பின்கட்டுக்குப் போனார். தண்ணீர் ஊற்றுகிற சத்தம் வெகுநேரம் கேட்டது.

ஏழாவது வாரம் தங்கச்சி இருமினாள்.

ஐப்பசி மழை விட்டிருந்த ஒரு காலை. அவள் மாமாவின் பக்கத்தில் படுத்திருந்தாள். எழுந்து உட்கார்ந்து இரண்டு முறை இருமினாள். சிறு பிள்ளைகள் இருமுவதுபோல, முழு உடம்பாலும். அம்மா, "சளி புடிச்சிருக்குது, மழையில ஆடாதன்னா கேக்கறாளா" என்று சொல்லிக்கொண்டே கசாயத்துக்கு மிளகு தேடினாள். நான் பல் தேய்த்துக்கொண்டு நின்றிருந்தேன். மாமா தங்கச்சியைப் பார்த்துக்கொண்டிருந்தார். அவள் வழக்கம்போல அவர் டம்ளரை நோக்கிக் கை நீட்டினாள். மாமா டம்ளரைத் தூக்கித் தலைக்கு மேலே பிடித்துக்கொண்டார். அவள் விளையாட்டு என்று நினைத்துக் குதித்தாள். அவர் இறக்கவே இல்லை. அவள் அழ ஆரம்பித்த பிறகும் இறக்கவில்லை.

மறுநாள் காலை அம்மா ஏலக்காய் எடுக்க அலமாரிக்குக் கை விட்டாள். ஏலக்காய் ஒரு பழைய பேப்பரில் மடித்து வைக்கப்பட்டிருந்தது. டப்பியைக் காணோம். மாமாவையும் காணோம்.

அம்மா பேப்பர் பொட்டலத்தைக் கையில் வைத்துக்கொண்டு அப்படியே தரையில் உட்கார்ந்தாள். எனக்குப் புரியவில்லை, அவளுக்குப் புரிந்துவிட்டது.

தூசி இல்லை. அந்த இன்னொன்றுதான். அந்த டப்பியில் மாமா கொண்டுபோய்க் கொடுத்த சளியில் கிருமி நிறைய இருப்பதாகச் சொன்னார்கள். ஆனால் ஆறு மாதம் மாத்திரை சாப்பிட்டால் குணமாகிவிடும் என்றும் சொன்னார்கள். வெல்லத்தில் இறங்காதது மாத்திரையில் இறங்கும். அம்மா எத்தனையோ நாள் அதையே திரும்பத் திரும்பச் சொல்லிக்கொண்டிருந்தாள்: "மாத்திர இருந்துருக்குது. சும்மா குடுக்கற மாத்திர." எங்கள் எல்லோரையும் சோதித்தார்கள். தங்கச்சிக்கு வந்தது வெறும் சளி. அது நாலு நாளில் போய்விட்டது. இருந்தாலும் அவள் சின்னவள் என்பதால் தடுப்புக்கு ஆறு மாதம் தினமும் ஒரு மாத்திரை. அம்மா அதைப் பொடித்துத் தேனில் குழைத்து ஊட்டுவாள். ஊட்டும்போது தங்கச்சியின் முகத்தைப் பார்க்க மாட்டாள்.

மாமாவின் மெடிக்கல் தேதி வந்தது, போனது. அவர் இடத்துக்கு வேறு ஆளை அனுப்பிவிட்டான் ஏஜெண்ட். மாமா வாரத்தில் மூன்று நாள் சுகாதார நிலையத்துக்குப் போய், அந்த நர்ஸம்மாவின் கண் முன்னால்தான் மாத்திரையை விழுங்க வேண்டும். முதல் நாள் அம்மாதான் கூட்டிக்கொண்டு போனாள். நானும் போனேன். வாசலிலேயே அம்மாவின் கால் நின்றுவிட்டது. நர்ஸம்மா எங்களை அடையாளம் கண்டுகொண்டார். ஐந்தாவது வாரத்தைப் பற்றி அவர் அன்றும் பேசவில்லை. அதற்குப் பிறகும் பேசவில்லை. தண்ணீர் டம்ளரை நீட்டி, "ஒண்ணுக்கு சிவப்பா போகும், பயப்பட வேண்டாம், மாத்திரை கலர்தான்" என்று மட்டும் மாமாவிடம் சொன்னார். அடுத்த முறை அம்மா ஒரு டப்பா நிறையப் பலகாரம் கொண்டு போனாள். "ஐயோ வேண்டாம்மா, எனக்குக் கொலஸ்ட்ரால்" என்றார். அம்மா டப்பாவைத் திரும்ப எடுத்துக்கொண்டு வந்தாள். வழியில் அழுதாள்.

லைனில் தெரிந்துவிட்டது. சிலர் குழாயில் எங்கள் குடம் நகர்கிறவரை தள்ளி நின்றுவிட்டுப் பிறகுதான் தங்கள் குடத்தை வைத்தார்கள். எதிர்வீட்டு டீச்சர் அக்கா மட்டும் எப்போதும்போல வந்து எங்கள் வீட்டில் டீ குடித்தார். அவ்வளவுதான்; அதை நான் பெரிதாக்க விரும்பவில்லை. அன்று ஒதுங்கியவர்களின் பிள்ளைகளும் இந்தக் குழுவில் இருக்கிறார்கள். நாம் அப்போது சின்னவர்கள்.

ஆனால் நான் சொன்ன பொய்யைச் சொல்லாமல் விட முடியாது. ஒன்பது வயதுப் பிள்ளை என்ன செய்திருக்க முடியும் என்று என் கணவர் கேட்கிறார். செய்திருக்க முடியும். கேள்வி எனக்குத் தெரிந்த கேள்வி, பதிலும் தெரியும். அம்மாவின் முகத்தைப் பார்த்துப் பதிலை மாற்றினேன். இப்போது என் மகளிடம் யாராவது ஏதாவது கேட்டால் அவள் முதலில் என் முகத்தைத்தான் பார்க்கிறாள். அந்த நேரத்தில் என் முகத்தை எப்படி வைத்துக்கொள்வது என்று எனக்கு இன்னும் தெரியவில்லை. போன மாதம் அவள் சோற்றைத் தள்ளினாள். மூன்று நாள் மூன்று விதமாகச் சமைத்தேன்; உப்பைக் குறைத்தேன், நெய்யைக் கூட்டினேன். நாலாவது நாள்தான் சட்டென்று பயம் பிடித்து நெற்றியைத் தொட்டேன், வாயைத் திறக்கச் சொல்லித் தொண்டையைப் பார்த்தேன், ஆட்டோ பிடித்து டாக்டரிடம் ஓடினேன். ஒன்றுமில்லை. பக்கத்து வீட்டில் தினமும் கிரீம் பிஸ்கட் தின்றுவிட்டு வந்திருக்கிறாள். டாக்டர் சிரித்தார். நான் சிரிக்கவில்லை. முதல் மூன்று நாள் நான் ஏன் சமையலையே பார்த்துக்கொண்டிருந்தேன் என்பதைத்தான் யோசித்துக்கொண்டிருந்தேன்.

இனி மிச்சத்தைச் சொல்லிவிடுகிறேன்.

மாமா மாத்திரை சாப்பிட ஆரம்பித்து மூன்றாவது மாதம். பொங்கல் கழிந்த வாரம். சுரங்கத்துக் கழிவு மண் கொட்டிய சயனைடு மேட்டுப் பக்கமிருந்து தூசிக் காற்று வராத ஒரு சாயங்காலம். மாத்திரை தொடங்கியதிலிருந்து அம்மா மண்டாசி செய்யவில்லை. ஞாயிற்றுக்கிழமை வந்தால் மைதா டப்பா இருக்கிற பக்கமே போக மாட்டாள். அன்று பூரிக்காகக் கோதுமை மாவு பிசைந்துகொண்டிருந்தாள். உப்பும் தண்ணீரும் போட்ட வெறும் மாவு. மாமா சமையலறை வாசலில் வந்து நின்றார்.

"அக்கா, பசிக்குது."

ஆடி மாதம் வந்ததிலிருந்து அந்த வார்த்தையை அவர் வாயில் நாங்கள் கேட்டதில்லை. அம்மா திரும்பவில்லை. தேய்த்துக்கொண்டிருந்த கை மட்டும் நின்றது. பிறகு அவசர அவசரமாக ஒரு பெரிய உருண்டையை எடுத்துக் கனமாகத் தேய்த்து, கத்தியால் குறுக்கும் நெடுக்குமாக வெட்டி, எண்ணெயில் போட்டாள். ஈஸ்ட் இல்லை, தேங்காய்ப் பால் இல்லை, ஏலக்காய் இல்லை. ஒன்றுகூட உப்பவில்லை. செம்மண் ஓடு மாதிரி வந்தன. மாமா தட்டுக்குக்கூடக் காத்திருக்கவில்லை. கரண்டியிலிருந்தே எடுத்து, ஊதி, நின்றபடியே கடித்தார். ஒன்று. இரண்டு. தங்கச்சி சத்தமாக எண்ணினாள். அவளுக்கு நாலு வரைதான் எண்ணத் தெரியும். நாலுக்குப் பிறகும் அவர் கை நீட்டினார்.

அம்மா மெதுவாகச் சொன்னாள்: "இது அது இல்லடா."

"இல்லதான்" என்றார் மாமா, வாயில் இருந்ததை மென்றுகொண்டே. "இது வெறும் கட்ட. அது அப்பவே வந்துட்டுதுக்கா."

"எது?"

"டீச்சரக்கா ஈஸ்ட் சொன்னாங்களே, அந்த ரெண்டாவது வாரம். அச்சு அசல் அதேதான். கண்ண மூடிக்கினா கேட்டு பக்கத்துல ஒக்காந்துகினு இருக்கற மாதிரியே இருந்துச்சு."

அம்மா இப்போது திரும்பினாள். கையில் கரண்டி. "அப்பறம் ஏன்டா அது இல்லன்ன?"

மாமா கையில் இருந்ததைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"ஆமான்னு சொல்லியிருந்தா, அப்ப சாப்புடுடான்னிருப்ப. முடியலக்கா. உள்ள எறங்கல. எறங்கலன்னு சொன்னா ஆஸ்பத்திரின்னிருப்ப."

எண்ணெய் புகைய ஆரம்பித்தது. வெல்லம், வாழைப்பழம், கோதுமை, நெய் என்று அந்த ஐந்து வாரத்தையும் அம்மா அங்கேயே நின்று ஒரு முறை திரும்ப நடந்து வந்தாள் என்று நினைக்கிறேன். நர்ஸம்மா வாசற்படியில் டப்பியை வைத்துவிட்டுப் போன அந்த நாளும் அதில் இருந்திருக்கும். அவள் அவரை அடிப்பாள் என்று பயந்து நான் தங்கச்சியின் கையைப் பிடித்துக்கொண்டேன். அம்மா குனிந்து ஸ்டவ்வின் காற்றைக் கொஞ்சம் இறக்கினாள்.

"இன்னும் மாவு இருக்குது" என்றாள். "போடட்டுமா?"

"போடு."

அம்மா அடுத்த உருண்டையை எடுத்தாள். மாவுக் கையின் பின்பக்கத்தால் கண்ணைத் துடைத்துக்கொண்டு, மெல்லிசாக, வட்டமாக, பூரிக்குத் தேய்த்தாள். இந்த முறை வெட்டவில்லை.